அப்பா கம்ப் போ

சில்க்போர்க் என்கிற சின்ன டேனிஷ் நகரத்தில் கிழமைக்கு ஒருமுறை எல்லா வீட்டுத் தபாற்பெட்டிக்குள்ளும் இலவசமாக வந்து விழுகிற பத்திரிகையில் நான் பல வருடங்கள் பேஸ்பால் பற்றி எழுதினேன். இதைச் சொன்னால் எங்கள் ஆட்கள் சிரிப்பார்கள். டேனிஷ்காரரும் சிரிப்பார்கள். இந்த ஊரில் பாகுபாடு இல்லாமல் எல்லாரையும் சிரிக்கவைத்த தமிழன் நானாகத்தான் இருப்பேன்.

பகலில் இறைச்சித் தொழிற்சாலையில் வேலை. பொதிசெய்யும் இயந்திரத்தடியில் என்னோடு நின்ற டேனிஷ்காரன் ஒருவன் பள்ளிக்காலத்தில் ஒரு வருடம் அமெரிக்காவில் படித்துவிட்டு அந்த விளையாட்டுப் பைத்தியத்தோடு திரும்பியிருந்தான். ஊரில் ஒரு குழு தொடங்கினான். ஒன்பது பேர் வேண்டும், எட்டுப் பேர்தான் அகப்பட்டார்கள். மிச்சத்துக்கு என்னை இழுத்துக்கொண்டு போனான். யாழ்ப்பாணத்தில் பள்ளிக்கூடத்தில் எல்லே விளையாடியவன் நான். தடியால் பந்தை அடித்துவிட்டு வட்டமாக ஓடி வருகிற விளையாட்டு அது. அதைத் தெரிந்தவனுக்கு பேஸ்பால் அந்நியமில்லை, சட்டதிட்டம்தான் கூட. முதல்நாள் கையுறை போடாமல் வெறுங்கையால் பந்தைப் பிடித்தேன். கை வீங்கிப்போனது. ஆனால் அதற்குக் கிடைத்த மரியாதை பல வருடம் நின்றது.

முழங்கால் பழுதானபிறகு என்னைக் கரையில் உட்காரவைத்து ஸ்கோர் எழுதச் சொன்னார்கள். ஆட்டம் முடிந்ததும் பத்திரிகையின் விளையாட்டுப் பகுதிக்காரர் தொலைபேசியில் விபரம் கேட்பார், நான் சொல்வேன், அவர் அதைத் தலைகீழாக எழுதுவார். எறிந்தவனை அடித்தவனாக்குவார். தோற்ற எங்களை ஒருமுறை வெல்லவும் வைத்தார். ஒருநாள் கோபத்தில் நானே டேனிஷில் எழுதி அனுப்பினேன். எழுத்துப்பிழை எக்கச்சக்கம். அவர் திருத்திப் போட்டுவிட்டு, இனி நீயே எழுது என்றார். அவருக்கு ஒரு தலையிடி குறைந்தது. எனக்குப் பெயருக்குப் பக்கத்தில் ஒரு சின்னப் படம் கிடைத்தது. தந்த கூலி பெற்றோலுக்கும் காணாது. இந்த மனிசன் படத்துக்காகத்தான் எழுதுது என்று மனைவி எல்லாரிடமும் சொல்லித் திரிந்தாள். அது பொய்யில்லை.

சித்திரை தொடங்கி ஆவணி முடியும்வரை என் ஞாயிற்றுக்கிழமைகள் அந்தப் புல்வெளிகளில்தான் போயின. எங்களுக்கென்று தனி மைதானம் கிடையாது. உதைபந்தாட்டக்காரர் தேவையில்லை என்று விட்ட மூலையில் விளையாடினோம். ஓங்கி அடித்த பந்து பக்கத்துத் தோட்டக் குடிசைகளில் போய் விழும். அங்கே கோப்பி குடித்துக்கொண்டிருக்கும் முதியவர்கள் பந்தைத் தரமாட்டோம் என்று அடம்பிடிப்பார்கள். அதையும் எழுதுவேன். ஆட்டத்தைவிட அதைத்தான் சனம் விரும்பி வாசித்தது என்று பத்திரிகை ஆசிரியர் சொன்னபோது எனக்குக் கொஞ்சம் மனவருத்தம்.

பேஸ்பாலில் ஸ்கோர் எழுதுகிறவனுக்கு ஒரு தனி அதிகாரம் உண்டு. அடித்தவன் ஓடி முதலாம் பேஸ் என்கிற முதல் தரிப்பிடத்துக்குப் போய்ச் சேர்ந்துவிட்டால், அது அவனுடைய திறமையா, அல்லது பந்தைத் தவறவிட்டவனின் பிழையா என்று தீர்மானிப்பது நடுவர் அல்ல, கரையில் கோப்பியோடு உட்கார்ந்திருக்கும் அந்த ஆள்தான். பிழை என்றால் யாருடைய பிழை என்று எழுதியே ஆகவேண்டும். எல்லாருடைய பிழையும் என்று எழுத முடியாது. என்னைவிட ஒரு முழம் உயர்ந்த தாடிக்காரர்கள் ஆட்டம் முடிய வந்து, பந்து கல்லில் பட்டு எகிறியது, வெயில் கண்ணில் அடித்தது என்று மன்றாடுவார்கள். எப்போதும் மூட்டமான எங்கள் யூலண்டுப் பக்கத்தில் வெயிலாம்! நான் மசியமாட்டேன். தொழிற்சாலையிலும் வீட்டிலும் கிடைக்காத அதிகாரத்தை ஏன் விட்டுக்கொடுக்கவேண்டும்?

என் டேனிஷ் முழுக்க விளையாட்டுப் பக்கத்து டேனிஷ். மகளின் பள்ளிக்கூடத்தில் பெற்றோர் சந்திப்பின்போது, என் மகள் கணக்கில் கடைசி நிமிடத்தில் சமன்செய்துவிட்டாள் என்று சொல்லி ஆசிரியைக்குப் புரையேற வைத்திருக்கிறேன். அந்த மொழியில் விளையாட்டுப் போட்டிக்குக் கம்ப் என்று பெயர். சண்டைக்கும் அதே சொல்தான். அது எங்கள் வீட்டுத் தமிழிலும் ஒட்டிக்கொண்டது. இண்டைக்குக் கம்ப் இருக்கு என்று நான் சொன்னால், எண்டைக்குத்தான் உங்களுக்கு இல்லை என்பாள் மனைவி. ஊரிலிருந்து புதிதாக வருகிறவர்களுக்கு அது காம்ப் என்று கேட்கும். எங்கள் ஊரில் காம்ப் என்றால் ஒன்றில் ஆமி இருக்கும் இடம், இல்லாவிட்டால் இடம்பெயர்ந்த சனத்தை வைத்திருக்கும் இடம்.

மகள் இங்கே பிறந்தவள். நாங்கள் தமிழில் கேட்போம், அவள் டேனிஷில் பதில் சொல்வாள். தமிழில்தான் சொல்லவேண்டும் என்ற கட்டாயம் வந்தால், வினைச்சொல்லில் அவளுக்கு ஒரே வடிவம்தான் தெரியும். வா, போ, குளி, சாப்பிடு, படு. போனான், போகிறாள், போவோம் எல்லாவற்றுக்கும் அவளிடம் போ ஒன்றுதான். "அம்மா கடை போ" என்றால் அம்மா கடைக்குப் போய்விட்டாள் என்று நாங்கள் எடுத்துக்கொள்ளவேண்டும். வீட்டுக்கு வருகிறவர்கள் சிரிப்பார்கள். நானும் சேர்ந்து சிரிப்பேன். பிள்ளை தன் காதில் விழுந்ததைத்தானே திருப்பிச் சொல்லும். நாங்கள் அவளோடு கதைத்ததெல்லாம் கட்டளையாகவே இருந்தபடியால்தான் அவளுக்கு அது மட்டும் வந்தது என்று எனக்கு அப்போது உறைக்கவில்லை. சனிக்கிழமைகளில் தமிழ் வகுப்புக்கு ஏற்றிப் போகவும் எனக்கு நேரமில்லை. ரண்டர்ஸில் ஒரு பயிற்சி ஆட்டம் இருக்கும், அல்லது எழுதி முடிக்காத செய்தி இருக்கும்.

வன்னியில் போர் முடிவுக்கு வந்துகொண்டிருந்த அந்த வசந்தத்தில் என் தங்கச்சி அங்கே இருந்தாள். கடலுக்கும் நீரேரிக்கும் நடுவில் ஒடுங்கிப்போன மணல் துண்டு ஒன்றில், பதுங்குகுழிக்குள், அவளும் கணவனும் சின்னப் பிள்ளையும். யாரோ வைத்திருந்த செய்மதித் தொலைபேசிக்கு வரிசையில் நின்று ஞாயிற்றுக்கிழமைகளில் எங்களுக்கு எடுப்பாள். நாங்கள் திருப்பி எடுக்க முடியாது. நலம் விசாரித்து முடிவதற்குள் தொடர்பு அறுந்துவிடும்.

கடைசியாக என்னோடு கதைத்தபோது அவள் நலம் விசாரிக்கவில்லை.

"நீரேரியைக் கடந்து காம்புக்குப் போறதோ, இஞ்சையே நிக்கிறதோ எண்டு சொல்லுங்கோ அண்ணை. இவர் சொல்லுறார், அண்ணை பத்திரிகையிலை இருக்கிறவர், அவருக்கு எல்லாம் தெரியும், அவர் சொல்லுறதைச் செய்வம் எண்டு."

என் மச்சான் நல்ல மனிதர். இயக்கத்துக்குக் கொஞ்சக் காலம் லொறி ஓட்டியவர், துவக்குத் தொடாதவர். கடந்து போகிற ஆண்களை ஆமி பிரித்து எடுக்கிறது என்று கேள்விப்பட்டுப் பயந்துபோயிருந்தார். என் படம் போட்ட பத்திரிகைத் துண்டுகளை முன்பு நான் ஊருக்கு அனுப்பியிருந்தேன். டேனிஷ் எழுத்தை அங்கே யார் வாசிக்கப்போகிறார்கள்? அது பந்தடிச் செய்தி என்று தங்கச்சிக்கு மட்டும் தெரியும். அவளும் எல்லே விளையாடியவள், என்னைவிட ஓங்கி அடிப்பவள். எங்கட அண்ணை பந்து பொறுக்கிறதைப் பற்றி எழுதிறார் என்று கேலி செய்வாள். மச்சானோ என்னைப் பெரிய பத்திரிகையாளன் என்று நம்பிவிட்டார். நான் திருத்தவில்லை. அப்படி ஒருவர் நம்புவது எனக்கு இனிப்பாக இருந்தது.

நாலு பேரைக் கேட்டுவிட்டு அடுத்த ஞாயிறு சொல்கிறேன் என்றேன். கேட்டேன்தான். ஸ்கீவவில் இருந்த சிநேகிதர், ஒருவரும் கடக்கக்கூடாது, வெளிநாடுகள் தலையிடப்போகின்றன என்றார். பெந்தெகொஸ்தே சபைக்குப் போகிற ஒருவர் ஜெபித்துவிட்டுச் சொல்வதாகச் சொன்னார். தொழிற்சாலையில் இன்னொருவர், அப்படிக் கேட்பதே துரோகம் என்பதுபோல் முகத்தைத் திருப்பிக்கொண்டார். ஒருவருக்கும் ஒன்றும் தெரியாது என்பதுதான் உண்மை, எனக்கும் தெரியாது.

அதே கிழமை பத்திரிகை ஆசிரியர் என்னைக் கூப்பிட்டு, உங்கள் நாட்டில் நடப்பதைப் பற்றி ஒரு பக்கம் எழுத முடியுமா என்று கேட்டார். சீசன் தொடங்குகிறது, நேரமில்லை என்றேன். ஆனால் வீட்டுக்கு வந்து எழுதிப் பார்த்தேன். பின்தள்ளப்பட்டார்கள், இறுதிக் கட்டம், எதிரணியின் பலம் என்று எனக்குத் தெரிந்த டேனிஷ்தான் வந்தது. என் தங்கச்சி இருந்த இடத்தை நான் ஒரு ஆட்டமாக எழுதிவைத்திருந்தேன். அழித்துவிட்டேன். எனக்கு அருவருப்பாக இருந்தது.

அந்த ஞாயிறு சீசனின் முதல் ஆட்டம். அன்றே கோபன்ஹேகனில் போரை நிறுத்தச் சொல்லி எங்கள் ஆட்களின் ஊர்வலம். மனைவி பஸ்ஸில் போனாள். பத்து வயது மகளுக்குத் தடிமன் பிடித்து மூக்கு ஒழுகியது, அவளோடு வீட்டில் நிற்பதுதான் என் பொறுப்பு. வாசலில் சப்பாத்தைப் போட்டுக்கொண்டே மனைவி சொன்னாள்:

"தங்கச்சி கட்டாயம் எடுப்பாள். அங்கை சனம் சாகுது, பந்து எண்ணுறன் எண்டு வெளிக்கிட்டிடாதேங்கோ."

நான் வெளிக்கிட்டேன். மைதானம் கிட்டத்தான், பத்து வயதுப் பிள்ளை இந்த நாட்டில் தனியே இருப்பது வழமைதான், பத்திரிகைக்குச் செய்தி வேண்டும். இப்படிக் காரணங்கள் கைவசம் இருந்தன. உண்மைக் காரணம் ஒன்றுதான். அந்தத் தொலைபேசிக்குப் பக்கத்தில் என்னால் இருக்க முடியவில்லை. அவள் எடுக்காமல் விட்டுவிடுவாளோ என்று பயம். எடுத்துவிடுவாளோ என்று அதைவிடப் பயம்.

காற்று மண்ணை அள்ளி முகத்தில் எறிந்த நாள் அது. பார்க்க வந்தவர்களைவிட நாய்கள் கூட. எங்கள் குழு படுமோசமாக ஆடித் தோற்றது. ஒருவன் வந்து அந்தப் பந்து தன் பிழையில்லை என்று மன்றாடினான். வழமைபோல் நான் மசியவில்லை.

திரும்பி வந்தபோது மகள் சோபாவில் போர்த்துக்கொண்டு படம் பார்த்துக்கொண்டிருந்தாள். மாமி எடுத்தவ என்று டேனிஷில் சொன்னாள். என்ன கேட்டவ என்றேன். கெதியாகக் கதைத்தாவாம், இவளுக்கு விளங்கவில்லையாம், அப்பா எங்கே என்று கேட்டது மட்டும் விளங்கியதாம்.

"நீ என்ன சொன்னனி?"

அதை மட்டும் தமிழில் சொன்னாள். "அப்பா கம்ப் போ."

அடுத்தமுறை எடுக்கும்போது நான் நிற்பேன் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டு செய்தி எழுத உட்கார்ந்தேன். பிள்ளை தமிழில் பதில் சொல்லியிருக்கிறதே என்று ஒரு சின்னச் சந்தோஷம்கூட இருந்தது.

அடுத்த ஞாயிறு அவள் எடுக்கவில்லை. அதற்கடுத்த ஞாயிறும் எடுக்கவில்லை. நான் விடுப்பு எடுத்துக்கொண்டு தொலைபேசியடியில் கிடந்தேன், ஆட்டங்களுக்குப் போகவில்லை. வீட்டில் நிற்கவேண்டிய நாள் போனபிறகு நின்றேன். போர் முடிந்தது என்றார்கள். தொலைக்காட்சியில் அந்த மணல் துண்டைக் காட்டினார்கள். எரிந்த வாகனங்களும் சிதறிய சட்டி பானைகளும்தான் தெரிந்தன. மனைவி என்னோடு கதைப்பதை நிறுத்திவிட்டாள். அவளிடம் நியாயம் இருந்தது.

பிறகு ஒரு பகலில், காம்பிலிருந்து தங்கச்சியின் குரல் வந்தது.

"நீங்கள் போகச் சொன்னபடியாலைதான் அண்ணை நானும் பிள்ளையும் உயிரோட இருக்கிறம்."

நான் எப்போது சொன்னேன் என்று கேட்க வாயெடுத்தேன். எதிரே மகள் மேசையில் வீட்டுப்பாடம் செய்துகொண்டிருந்தாள். அவளைப் பார்த்தபோதுதான் விளங்கியது. அப்பா கம்ப் போ. காம்புக்குப் போ என்று அப்பா சொல்கிறார் என்றுதான் தங்கச்சிக்குக் கேட்டிருக்கிறது. தங்கச்சி மேலே சொல்லிக்கொண்டே போனாள். கழுத்தளவு தண்ணீரில் நீரேரியைக் கடந்தார்களாம். மறுகரையில், இயக்கத்தோடு ஏதாவது தொடர்பு இருந்தவர்கள் வேறாக வந்து நில்லுங்கள் என்று ஒலிபெருக்கியில் அறிவித்தார்களாம். மச்சானுக்குப் பொய் சொல்லத் தெரியாது, லொறி ஓட்டியதைச் சொல்லிப் போய் நின்றார். ஒரு பஸ்ஸில் ஏற்றினார்கள். அதன்பிறகு அவரைப் பற்றி ஒரு தகவலும் இல்லை. இன்றுவரை இல்லை.

நான் சொல்லவில்லை என்றால் அதைச் சொன்னது யார்? வேறு ஆள் இல்லை, என் மகள்தான். அந்தப் பஸ்ஸை ஒரு பத்து வயதுப் பிள்ளையின் பெயரில் எழுத என்னால் முடியவில்லை. "ஓம்" என்றேன். மனைவியிடமும் அப்படியே சொன்னேன்.

அதற்குப் பிறகும் எழுதினேன். ஆனால் என் ஸ்கோர் தாள்களில் பிழைகள் இல்லாமல் போயின. பந்து ஒருவனின் கால்களுக்கு நடுவால் போனாலும் அடித்தவனின் திறமை என்றே எழுதினேன். தவறவிட்டவர்கள் எனக்குக் கேக் கொண்டுவந்தார்கள். பந்தெறிகிறவர்கள், பிடிக்காமல் விட்டதெல்லாம் எங்கள் கணக்கில் விழுகிறது என்று ஆசிரியர்வரை போய் முறையிட்டார்கள். வயது போய்விட்டது, கண் தெரியவில்லை என்று பேசிக்கொண்டார்கள். பத்திரிகையும் பக்கங்களைக் குறைத்துக்கொண்டே வந்தது. கடைசியில் யார் வென்றது என்ற ஒற்றை வரி மட்டும் மிஞ்சியது. அதற்குப் படம் போடமாட்டார்கள்.

தங்கச்சி ஒவ்வொரு வருடப்பிறப்புக்கும் எடுத்து, அண்ணை அண்டைக்குச் சொன்ன சொல் என்று தொடங்குவாள். ஊரிலும் எல்லாரிடமும் சொல்லியிருந்தாள். நான் ஓம், ஓம் என்று கேட்டுக்கொண்டிருப்பேன். தொலைபேசியை வைத்தபிறகு சாப்பாடு இறங்காது.

பல வருடம் கழித்து அவளுக்கு விசா கிடைத்து எங்களிடம் வந்தாள். மகள் அப்போது ஓகூஸ் நகரில் தாதியாக வேலை செய்தாள். வளர்ந்தபிறகு எங்களைக் கேளாமலே தமிழ் படித்து, வினைச்சொற்களையெல்லாம் ஒழுங்காக முடிக்கப் பழகியிருந்தாள். அதுவே எனக்கு ஆபத்தாகப் போனது. மாமி அந்தக் கதையை எடுத்தால் இப்போது அவளுக்கு விளங்கிவிடும். தான் சொன்ன சொல் எங்கே போய் முடிந்தது என்று தெரிந்துவிடும். மகள் வருகிற நாட்களில் நான் இருவருக்கும் நடுவில் உட்கார்ந்தேன். தங்கச்சி பழையதைத் தொடங்கினால் ஏரியில் படகு பார்க்கப் போவோம் என்றேன். ஒரே படகைத்தான் எத்தனை தரம் பார்ப்பது என்று அவள் அலுத்துக்கொண்டாள்.

ஒரு ஞாயிறு ஸ்கோர் எழுத வேறு ஆள் இல்லை என்று என்னைக் கூப்பிட்டுவிட்டார்கள். மழை வந்து ஆட்டம் பாதியில் நின்றது. நனைந்துகொண்டு வீட்டுக்கு வந்தால், மகள் சொல்லாமல் வந்திருந்தாள். சமையலறையில் அவளும் மாமியும் மட்டும். மகளின் கண்கள் சிவந்திருந்தன.

எனக்கு ஆத்திரம் தலைக்கேறியது. விதவையாகிவிட்டாளோ இல்லையோ என்றுகூடத் தெரியாமல் வாழ்கிற தங்கச்சியைப் பார்த்துக் கத்தினேன். அவளுக்கு ஏன் சொன்னாய், அவள் அப்போது சின்னப் பிள்ளை, அவளுக்கு என்ன தெரியும் என்று.

தங்கச்சி கோபிக்கவில்லை. என்னை உட்காரச் சொன்னாள்.

"அவளுக்கு நான் சொன்னது என்ர கதையை. அண்டைக்கு எனக்கு வடிவா விளங்கினது அண்ணை. முந்தி ஞாயிறுகளிலை எடுக்கேக்கையும் பிள்ளை அதைத்தானே சொல்லுறவள். நீங்கள் பந்தடிக்குப் போயிட்டியள் எண்டு தெரியும். பக்கத்திலை நிண்ட இவரைத் திரும்பிப் பாத்து, அண்ணை காம்புக்குப் போகச் சொல்லிப்போட்டார் எண்டு நான்தான் சொன்னனான். நான் கூப்பிட்டால் இவர் வந்திருக்க மாட்டார்."

அந்தக் கரையில் நின்றுவிட்ட பக்கத்துப் பதுங்குகுழிக்காரர்களில் ஒருவரும் மிஞ்சவில்லை என்று அவள் சொன்னாள். அதைத் தெரிந்தும், கணவனைத் தான் ஏமாற்றித்தான் தண்ணீரில் இறக்கினேன் என்ற நினைப்பு அவளை விடவில்லை.

"காம்பிலையிருந்து எடுத்து, நீங்கள் சொன்னபடி வந்தம் எண்டனான். நான் எங்கை சொன்னனான் எண்டு கேப்பியள், நானும் உண்மையைச் சொல்லி அழுவன் எண்டு இருந்தனான். நீங்கள் ஓம் எண்டியள். ஒவ்வொரு வருசமும் பாத்தன். ஒவ்வொரு வருசமும் ஓம் எண்டியள்."

பிள்ளைக்காகத்தான் அப்படிச் சொன்னேன் என்றேன். அது பாதி உண்மை. மற்றப் பாதியையும் சொல்லிவிட்டேன். அவள் நன்றி சொல்லச் சொல்ல, எனக்குக் கூசியது, பிடித்தும் இருந்தது. மச்சான் நம்பிய அந்தப் பெரிய பத்திரிகையாளனாக வருடத்தில் ஒருநாள் இருக்க எனக்கு ஆசையாக இருந்தது. அதற்காக என் தங்கச்சியை இவ்வளவு காலமும் தனியே சுமக்க விட்டிருக்கிறேன்.

மகள் முகத்தைத் துடைத்துக்கொண்டு என்னைப் பார்த்தாள். ஒரு பிழையும் இல்லாத தமிழில் கேட்டாள்.

"அண்டைக்கு நீங்கள் வீட்டிலை நிண்டிருந்தால் மாமிக்கு என்ன சொல்லியிருப்பீங்கள், அப்பா?"

பொய் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. அந்த ஞாயிறுக்கு முதல்நாளே நான் முடிவெடுத்திருந்தேன். மச்சானைப் பிடித்துவிடுவார்கள் என்ற பயத்தில் எடுத்த முடிவு.

"அங்கையே நிக்கச் சொல்லியிருப்பன்."

தங்கச்சி எழும்பிப் போய்த் தேத்தண்ணிக்குத் தண்ணீர் வைத்தாள். எனக்கு முதுகைக் காட்டியபடியே கோப்பைகளை எடுத்து வைத்தாள்.

"அப்ப நீங்கள் பந்தடிக்குப் போனது நல்லதாப் போச்சு அண்ணை" என்றாள்.

குரலில் கோபம் இல்லை. கோபித்திருந்தால் எனக்குக் கொஞ்சம் ஆறுதலாக இருந்திருக்கும்.